காமெடியா, சீரியஸா? லெனினைக் காளான் ஆக்கிய 'ஸ்த்யோப்'... ஒரு ரஷ்யச் சொல்லின் கதை!

கிண்டல் தெரியும், கேலி தெரியும், நையாண்டி தெரியும். ஆனால், ஒருவர் கிண்டல் செய்கிறாரா, மனதாரச் சொல்கிறாரா என்று கடைசிவரை கண்டுபிடிக்கவே முடியாமல் பேசினால், அதற்கு என்ன பெயர்? ரஷ்யர்கள் ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள்.

1991 மே 17. சோவியத் யூனியன் உடைவதற்கு இன்னும் ஏழு மாதங்கள் இருந்தன. லெனின்கிராடு டி.வி-யில் 'ஐந்தாவது சக்கரம்' என்ற பிரபலமான நிகழ்ச்சி. தொகுப்பாளர் செர்கேய் ஷோலகோவ். மக்கள் நம்பிக் கேட்கும் பத்திரிகையாளர். அவருக்கு எதிரே, புத்தகங்களும் காகிதங்களும் நிறைந்த அறையில், ஓர் ஆராய்ச்சியாளரின் தோரணையில் உட்கார்ந்திருந்தார் செர்கேய் கூர்யோகின்.

கூர்யோகின் அமைதியான குரலில் பேச ஆரம்பித்தார். மெக்சிகோ புரட்சிக்கும் ரஷ்யாவின் அக்டோபர் புரட்சிக்கும் இடையே விசித்திரமான ஒற்றுமைகள் இருக்கின்றன என்றார். மெக்சிகோவில் மயக்கம் தரும் காளான்களைச் சாப்பிடும் வழக்கம் பற்றிச் சொன்னார். ரஷ்யக் காடுகளிலும் அதுபோன்ற காளான்கள் உண்டு என்றார். அப்புறம் ஒரு படத்தைக் காட்டினார். லெனின் ஏறி நின்று உரையாற்றிய கவச வண்டியின் குறுக்குவெட்டும், ஒரு நச்சுக் காளானின் அடிப்பகுதியும் ஒரே மாதிரி இருக்கின்றனவாம். கடைசியாக முடிவைச் சொன்னார்: இந்தக் காளான்களை ஆண்டுக்கணக்கில் சாப்பிட்டவர்களின் ஆளுமையைக் காளானின் ஆளுமை மெல்ல மெல்ல விழுங்கிவிடும். ஆகவே, லெனின் ஒரு காளான். அதோடு, அவர் ஒரு ரேடியோ அலையும்கூட!

ஒரு கட்டத்தில் இருவருக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை. ஆனால் டி.வி-க்கு முன்னால் உட்கார்ந்திருந்த எல்லோரும் சிரித்துவிடவில்லை. 'இது என்ன, உண்மையா?' என்று குழம்பியவர்கள் ஏராளம். கட்சியின் மூத்த உறுப்பினர்கள் சிலர், லெனின்கிராடு கட்சி அலுவலகத்துக்கே போய் விளக்கம் கேட்டார்கள் என்று ஷோலகோவ் பிற்காலத்தில் சொன்னார். அங்கிருந்த அதிகாரியின் பதில்தான் உச்சம். 'அது பொய். ஏனென்றால் ஒரு பாலூட்டி, தாவரமாக இருக்க முடியாது' என்றாராம். (காளான் தாவரமே இல்லை என்பது வேறு விஷயம்!)

உண்மையில் கூர்யோகின் வரலாற்று ஆய்வாளரே இல்லை. பியானோ கலைஞர், இசையமைப்பாளர், 'பாப் மெகானிகா' என்ற பிரமாண்டமான மேடைக் கச்சேரிகளை நடத்தியவர். அன்று அவர் செய்த காரியத்துக்கு ரஷ்ய மொழியில் இருக்கும் சொல், 'ஸ்த்யோப்'.

அப்படியென்றால் என்ன?

ரஷ்ய எழுத்துகளின்படி சொல் 'ப'கர ஒலியின் அழுத்தமான வடிவத்தில்தான் முடிகிறது. ஆனால் ரஷ்யர்கள் சொல்லின் கடைசியில் வரும் அந்த ஒலியைத் தேய்த்து உச்சரிப்பார்கள். அதனால் காதில் 'ஸ்த்யோப்' என்றே விழும். சாட்டையால் விளாசுவதைக் குறிக்கும் பழைய வினைச்சொல் ஒன்றோடு இதைத் தொடர்புபடுத்துகிறார்கள். நாமும் ஒருவரை வார்த்தையால் 'வெளுத்து வாங்கிட்டான்' என்கிறோமே, அந்த மாதிரி.

இன்றைய ரஷ்ய இளைஞர்கள் இதைச் சர்வசாதாரணமாகப் பயன்படுத்துகிறார்கள். நண்பன் ஏதாவது ஏடாகூடமாகச் சொன்னால், 'என்னடா, கலாய்க்கிறியா?' என்று நாம் கேட்போம் இல்லையா? அதே இடத்தில் அவர்கள் இந்தச் சொல்லின் வினை வடிவத்தைப் போட்டுக் கேட்பார்கள். ஆக, தெருவில் இதன் பொருள் 'கலாய்ப்பு'.

ஆனால், 1970, 80-களின் லெனின்கிராடு கலைஞர்கள் மத்தியில் இதற்கு இன்னும் நுட்பமான பொருள் இருந்தது. அதை உலகத்துக்கு விளக்கிச் சொன்னவர் அலெக்சேய் யுர்ச்சாக். லெனின்கிராடில் பிறந்து, பின்னர் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் மானுடவியல் பேராசிரியர் ஆனவர். சோவியத் யூனியனின் கடைசித் தலைமுறையைப் பற்றி 2006-ல் அவர் எழுதிய புத்தகத்துக்குப் பிறகுதான், இந்தச் சொல் மொழிபெயர்க்கப்படாமல் அப்படியே மற்ற மொழி ஆய்வாளர்களின் பேச்சில் ஏறியது.

அவர் விளக்கத்தின் சாரம் இதுதான்: ஸ்த்யோப் செய்பவர் தான் கேலி செய்யும் விஷயத்தை எதிர்த்துப் பேச மாட்டார். அதை விட்டு விலகியும் நிற்க மாட்டார். அதற்குள்ளேயே முழுசாகப் புகுந்துவிடுவார். கட்சிக்காரரைவிடத் தீவிரமான கட்சிக்காரராக, அதிகாரியைவிடக் கறாரான அதிகாரியாகப் பேசுவார். கண்ணடிக்க மாட்டார், சிரிக்கவும் மாட்டார். பார்ப்பவருக்கு அது ஆதரவா, ஏளனமா, இரண்டும் கலந்ததா என்று புரியவே புரியாது. சில நேரம், செய்பவருக்கேகூட!

நம்மிடம் இல்லையா இப்படி ஒரு சொல்?

கிட்ட வரும் சொற்கள் நிறைய உண்டு. தொல்காப்பியம் அங்கதத்தைச் செம்பொருள் அங்கதம், பழிகரப்பு அங்கதம் என்று இரண்டாகப் பிரிக்கிறது. முதலாவது, வெளிப்படையாகத் திட்டுவது. இரண்டாவது, பழியை மறைத்து வைத்துத் திட்டுவது. பள்ளியில் படித்த வஞ்சப்புகழ்ச்சி அணியும் ஞாபகம் இருக்கும். அதியமானுக்காகத் தொண்டைமானிடம் தூது போன ஔவையார், அவன் படைக்கலக் கொட்டிலைப் பார்த்து, ஆயுதங்கள் மாலை சூட்டப்பட்டு, நெய் பூசப்பட்டு அழகாக இருப்பதாகப் 'பாராட்டிய' புறநானூற்றுக் காட்சிதான் அதற்கு எப்போதும் சொல்லப்படும் உதாரணம். அதியமானின் வேல்கள் போரில் முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்று சேர்த்துச் சொல்லும்போது விஷயம் விளங்கிவிடும். 'உன் ஆயுதங்கள் போரையே பார்த்ததில்லை' என்பதுதான் உள்ளே இருக்கும் குத்து.

வித்தியாசம் இங்கேதான். வஞ்சப்புகழ்ச்சியில் மேலே ஒரு பொருள், உள்ளே ஒரு பொருள். உள்ளே இருப்பது கேட்பவருக்குப் போய்ச் சேர வேண்டும். சேரவில்லை என்றால் அணியே வீண். ஸ்த்யோப்பில் 'உள்ளே இருப்பது இதுதான்' என்று யாராலும் அடித்துச் சொல்ல முடியாது. அந்தக் குழப்பத்தை உண்டாக்குவதுதான் அதன் வேலையே.

ஏன் ரஷ்யாவில் பிறந்தது?

இதற்குப் பதில், சோவியத் ஆட்சியின் மொழியில் இருக்கிறது.

ஸ்டாலின் உயிரோடு இருந்தவரை, எது சரியான வார்த்தை, எது தவறான வார்த்தை என்று தீர்ப்புச் சொல்ல ஒருவர் இருந்தார். 1953-ல் அவர் இறந்தார். அதற்குப் பிறகு அந்த இடத்தில் யாரும் இல்லை. உரை எழுதுபவர்களுக்கு ஒரே வழிதான் பாதுகாப்பானதாகத் தெரிந்தது: நேற்று எழுதப்பட்டதை இன்றும் எழுதுவது. பழைய உரையிலிருந்து வாக்கியங்களை எடுத்துப் புதிய உரையில் வைப்பது. புதிதாக ஒரு வார்த்தை போட்டால்தானே வம்பு?

இப்படியே ஆண்டுகள் ஓட, 1970-களில் அதிகார மொழி கெட்டித்துப்போய்விட்டது. பத்திரிகைத் தலையங்கம், கட்சித் தீர்மானம், தெருவோர பேனர் எல்லாவற்றிலும் ஒரே நீளமான வாக்கியங்கள், ஒரே அடைமொழிகள். கூட்டத்தில் 'ஆதரிப்பவர்கள் கை தூக்குங்கள்' என்றால் எல்லோரும் கை தூக்குவார்கள். தீர்மானத்தில் என்ன இருக்கிறது என்று யாரும் கவனிப்பதில்லை. கை தூக்குவதுதான் முக்கியம். பொருள் முக்கியமில்லை. மந்திரத்தின் அர்த்தம் தெரியாமல் சொல்வது மாதிரி ஆகிவிட்டது.

நிஜமே காமெடி மாதிரி இருந்த காலம் அது. அதிபர் பிரெஷ்னேவின் மார்பில் இருந்த பதக்கங்களின் எண்ணிக்கை நூறைத் தாண்டியது. அவர் பெயரில் வந்த நினைவுக் குறிப்புகளுக்கு 1980-ல் இலக்கியத்துக்கான லெனின் பரிசு கொடுத்தார்கள். அவற்றை எழுதியவர்கள் வேறு ஆட்கள் என்பதுதான் கூடுதல் சுவாரஸ்யம். இதற்கு மேல் இதை எப்படிக் கிண்டல் செய்வது?

நேரடியாக எதிர்த்தால் வேலை போகும், சிறைக்கும் போக நேரலாம். இன்னொரு சிக்கலும் இருந்தது. யுர்ச்சாக் சொல்வதன்படி, அந்தத் தலைமுறையில் பலர் ஆட்சியை வெறுத்தவர்கள் இல்லை. சமத்துவம், நட்பு, கல்வி போன்ற லட்சியங்களை அவர்கள் உண்மையாகவே நேசித்தார்கள். அந்த உயிரற்ற மொழிதான் அவர்களுக்குச் சகிக்கவில்லை. அதனால் எதிர்ப்பாளராகவும் மாறாமல், ஆதரவாளராகவும் இல்லாமல், அந்த மொழியையே எடுத்து விளையாட ஆரம்பித்தார்கள். நண்பனின் பிறந்தநாளுக்குக் கட்சிச் சுற்றறிக்கையின் நடையில் வாழ்த்து எழுதுவது இதன் வீட்டு வடிவம். அதையே மேடையில் செய்தபோது கலையானது.

ஜோக் வேறு, ஸ்த்யோப் வேறு

சோவியத் மக்கள் அரசியல் ஜோக்குகளுக்குப் பேர்போனவர்கள். சமையலறையில் உட்கார்ந்து சொல்லிச் சிரிப்பார்கள். அவற்றில் ஒன்று மிகப் பிரபலம். செஞ்சதுக்கத்தில் ஒருவர் துண்டுப்பிரசுரம் கொடுத்துக்கொண்டிருக்கிறார். போலீஸ் பிடித்துப் பார்த்தால் எல்லாம் வெறும் வெள்ளைத்தாள். 'ஏனய்யா, ஒன்றுமே எழுதவில்லை?' என்று கேட்கிறார்கள். 'எழுத என்ன இருக்கிறது, எல்லோருக்கும்தான் தெரியுமே!' என்கிறார் அவர்.

இது ஜோக். எங்கே சிரிக்க வேண்டும் என்று நமக்குத் தெரிகிறது. சொல்பவரும் கேட்பவரும் ஒரே பக்கம் நிற்கிறார்கள். ஸ்த்யோப்பில் அந்த வசதி கிடையாது. சிரித்தால் 'ஏன் சிரிக்கிறாய்?' என்று கேட்பார்கள். சிரிக்காவிட்டால், உங்களைப் பார்த்துப் பக்கத்தில் இருப்பவர் சிரிப்பார்.

1980-களில் லெனின்கிராடில் 'அவியா' என்ற இசைக்குழு இருந்தது. யுர்ச்சாக் பேராசிரியர் ஆவதற்கு முன், இந்தக் குழுவுக்குத்தான் மேலாளராக இருந்தார். மேடையில் சீருடை அணிந்து, கோஷம் போட்டு, மனிதப் பிரமிடுகள் கட்டி, 1920-களின் புரட்சிகர உற்சாகத்தை அப்படியே கொண்டுவருவார்கள். ஒரு துளி அதிகமாக. அந்த ஒரு துளிதான் விஷயம். பார்த்தவர்களில் சிலர், 'இந்தக் காலத்திலும் லட்சியம் மாறாத இளைஞர்கள்!' என்று நெகிழ்ந்தார்கள். வேறு சிலர், 'சர்வாதிகாரத்தை இதைவிட யாரும் கிழிக்க முடியாது' என்று கைதட்டினார்கள். ஒரே கச்சேரி, ஒரே அரங்கம்!

தேர்வுக்குழுவே ஏமாந்த போஸ்டர்

அன்றைய யூகோஸ்லாவியாவில், இன்றைய ஸ்லோவேனியாவில், இதே பாணி இன்னும் அபாயகரமாக வளர்ந்தது. 1980-ல் த்ரபோவ்லியே என்ற சுரங்க நகரத்தில் 'லாய்பாக்' என்ற இசைக்குழு தொடங்கியது. லாய்பாக் என்பது லியுப்லியானா நகரத்தின் ஜெர்மன் பெயர். நாஜி ஆக்கிரமிப்பை நேரில் பார்த்த மக்களுக்கு அந்தப் பெயரே முள்ளாகக் குத்தியது. ராணுவ உடுப்பு, இறுகிய முகம், கட்டளைக் குரல். பேட்டியில்கூட வேஷத்தைக் கலைக்க மாட்டார்கள். 'நீங்கள் பாசிஸ்டுகளா?' என்று கேட்டால் 'இல்லை' என்று நேராகச் சொல்லவும் மாட்டார்கள்.

1987-ல் இவர்களோடு தொடர்புடைய வடிவமைப்புக் குழு ஒன்று, டிட்டோவின் பிறந்தநாளையொட்டி நடக்கும் இளைஞர் தின விழாவுக்குப் போஸ்டர் வரைந்து அனுப்பியது. வலுவான உடல்கட்டோடு ஓர் இளைஞன், கையில் கொடி, புறா. தேர்வுக்குழுவுக்குப் பிடித்துப்போய், அதைத் தேர்வும் செய்தது. பத்திரிகையில் வெளியான பிறகுதான் குட்டு உடைந்தது. ரிச்சர்ட் க்ளைன் என்ற நாஜி ஓவியர் 1936-ல் வரைந்த பிரசார ஓவியத்தில், கொடியையும் கழுகையும் மட்டும் மாற்றியிருந்தார்கள்! நாஜிகளை எதிர்த்துப் போரிட்டு உருவான நாடு, நாஜி ஓவியத்தைத் தன் லட்சிய இளைஞன் என்று தேர்ந்தெடுத்திருந்தது. நாடே கொந்தளித்தது.

ஸ்லோவேனியத் தத்துவ அறிஞர் ஸ்லாவோய் ஷிஷெக் இதைப் பற்றி ஒரு முக்கியமான கருத்தைச் சொன்னார். வீட்டில் கிண்டலடித்துவிட்டு வெளியே வந்து கை தூக்குபவர்களால் அதிகாரத்துக்கு எந்தத் தொந்தரவும் இல்லை. சொல்லப்போனால், அப்படிப்பட்டவர்களை வைத்துத்தான் அது ஓடுகிறது. தன்னை மிகையாக நம்பி, தன் வார்த்தைகளைச் சொல்லுக்குச் சொல் பின்பற்றுகிறவர்களிடம்தான் அது தடுமாறுகிறது.

அமெரிக்காவுக்குப் போன ஸ்த்யோப்

2010-ல் யுர்ச்சாக், டொமினிக் போயர் என்ற மானுடவியலாளரோடு சேர்ந்து ஓர் ஆய்வுக் கட்டுரை எழுதினார். தலைப்பு, 'அமெரிக்க ஸ்த்யோப்'. சோவியத் கடைசிக் காலத்தில் இருந்த அதே நோய் மேற்கு நாடுகளின் ஊடகங்களையும் பிடித்திருக்கிறது என்பது அவர்கள் வாதம். எல்லா சேனலும் ஒரே வார்த்தைகள், ஒரே மாதிரி விவாதங்கள். அரசியல் பேச்சு மறுபடியும் கெட்டித்துப்போனது. கூடவே ஸ்த்யோப்பும் முளைத்தது.

அவர்கள் காட்டிய உதாரணங்களில் ஒருவர் ஸ்டீபன் கோல்பேர். 2005 முதல் 2014 வரை, தீவிர வலதுசாரி டி.வி தொகுப்பாளராகவே நடித்து நிகழ்ச்சி நடத்தியவர். 2006 ஏப்ரலில் வெள்ளை மாளிகைச் செய்தியாளர்கள் விருந்தில், அதிபர் ஜார்ஜ் புஷ் சில அடி தூரத்தில் உட்கார்ந்திருக்க, அவரைப் 'புகழ்ந்து' பேசினார். அரங்கத்தில் பலருக்குச் சிரிப்பதா, நெளிவதா என்று தெரியவில்லை. 2009-ல் ஓஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்தினர் 300-க்கும் மேற்பட்டவர்களிடம் ஓர் ஆய்வு நடத்தினார்கள். கோல்பேர் வேடிக்கையானவர் என்பதில் இரு தரப்புக்கும் கருத்து வேறுபாடு இல்லை. ஆனால் வலதுசாரிகளில் பலர், 'அவர் கிண்டல் செய்வதுபோல நடிக்கிறார், மனதில் இருப்பதைத்தான் பேசுகிறார்' என்று நம்பினார்கள்!

இன்னொரு உதாரணம் நம் நாட்டோடு சம்பந்தப்பட்டது. போபால் விஷவாயுக் கொடுமையின் 20-வது நினைவு தினம், 2004 டிசம்பர் 3. பி.பி.சி வேர்ல்டு சேனலில், டௌ கெமிக்கல் நிறுவனத்தின் செய்தித் தொடர்பாளர் என்று ஒருவர் நேரலையில் தோன்றினார். யூனியன் கார்பைடை 2001-ல் வாங்கிய நிறுவனம் டௌ. 'போபாலுக்கு முழுப் பொறுப்பேற்கிறோம். பாதிக்கப்பட்டவர்களுக்கு 12 பில்லியன் டாலர் தருகிறோம்' என்று அவர் அறிவித்தார். உலகம் முழுக்கச் செய்தி பரவியது. ஃபிராங்ஃபர்ட் பங்குச்சந்தையில் டௌ பங்கு சரிந்து, அதன் மதிப்பில் சுமார் 2 பில்லியன் டாலர் கரைந்தது.

சில மணி நேரத்தில் உண்மை வெளியானது. பேசியவர் டௌ ஆள் இல்லை. 'யெஸ் மென்' என்ற கலகக் கலைஞர்கள் குழுவைச் சேர்ந்தவர். பி.பி.சி மன்னிப்புக் கேட்டது. டௌ மறுப்பு வெளியிட்டது. அந்த மறுப்புதான் அவர்கள் எதிர்பார்த்தது. 'நாங்கள் பொறுப்பேற்கவில்லை, நஷ்ட ஈடு தரவில்லை' என்று அந்த நிறுவனமே உலகத்துக்குத் திரும்பச் சொல்ல வேண்டிவந்தது.

ஆனால், இருபது ஆண்டுகளாகக் காத்திருந்த போபால் மக்களின் அந்தச் சில மணி நேரச் சந்தோஷம்? அவர்களுக்குப் பொய் நம்பிக்கை கொடுத்தது நியாயமா என்ற கேள்வி அப்போதே எழுந்தது. ஸ்த்யோப்பில் எப்போதுமே இந்த ஆபத்து உண்டு. குறி பெரிய மனிதர்கள்தான். ஆனால், அதை அப்படியே நம்பி ஏமாறுவது பெரும்பாலும் சாதாரண மனிதர்கள்.

பொம்மைகளுக்குத் தடை

மறுபடியும் ரஷ்யாவுக்கு வருவோம். 2011 டிசம்பரில் நாடாளுமன்றத் தேர்தலில் முறைகேடு என்று நாடு முழுக்கப் போராட்டம் வெடித்தது. சைபீரியாவின் பர்னாவுல் நகரத்தில் கூட்டம் கூட அனுமதி கிடைக்கவில்லை. 2012 ஜனவரியில் அங்கிருந்தவர்கள் ஒரு காரியம் செய்தார்கள். கரடி பொம்மைகள், லெகோ பொம்மைகளைப் பனியில் வரிசையாக நிற்க வைத்து, குட்டிக் குட்டிப் பதாகைகளைக் கொடுத்தார்கள். போராட்டம் நடத்தியது பொம்மைகள்!

அடுத்த முறை முறைப்படி மனு கொடுத்தே அனுமதி கேட்டார்கள். அதிகாரிகளும் முறைப்படியே பதில் தந்தார்கள். பொம்மைகள், அதிலும் இறக்குமதி செய்யப்பட்ட பொம்மைகள், ரஷ்யக் குடிமக்கள் அல்ல. ஆகவே அவற்றுக்குக் கூட்டம் நடத்த உரிமை இல்லை. லெனின் காளான் இல்லை என்று கட்சி அதிகாரி விளக்கம் சொன்னதன் அடுத்த பாகம் மாதிரி இருந்தது அது.

ஆயுதம் கை மாறியபோது

இதுவரை பார்த்ததெல்லாம் அதிகாரத்தைப் பார்த்துக் கீழிருந்து எறிந்த கல். அதே கல்லை அதிகாரமே எடுத்துக்கொண்டால்?

2017 அக்டோபரில் லண்டன் சுரங்க ரயில் நிலையங்களில் சில விளம்பரங்கள் தென்பட்டன. ரயிலைத் தவறவிட்டீர்களா, தேர்தலில் தோற்றீர்களா, பழியை எங்கள்மீது போடுங்கள் என்ற தொனியில். விளம்பரம் கொடுத்தது ரஷ்ய அரசின் பணத்தில் நடக்கும் ஆர்.டி சேனல். தேர்தல்களில் தலையிடுகிறது என்ற குற்றச்சாட்டை மறுக்காமல், அதையே விளம்பரமாக்கிவிட்டார்கள்.

அடுத்த ஆண்டு நடந்தது இன்னும் கசப்பானது. 2018 மார்ச்சில் இங்கிலாந்தின் சாலிஸ்பரி நகரில் முன்னாள் உளவாளி செர்கேய் ஸ்க்ரிபாலும் அவர் மகளும் நச்சுத் தாக்குதலில் வீழ்ந்தார்கள். அவர்கள் பிழைத்துக்கொண்டார்கள். ஆனால், அந்த நஞ்சு இருந்த புட்டி கையில் கிடைத்ததால், சம்பந்தமே இல்லாத ஒரு பெண் ஜூலையில் இறந்துபோனார். பிரிட்டன் இரண்டு ரஷ்யர்களைக் குற்றம்சாட்டியது. ரஷ்யா மறுத்தது. அந்த இருவரும் செப்டம்பரில் ஆர்.டி சேனலில் தோன்றி, சாலிஸ்பரி தேவாலயத்தின் 123 மீட்டர் கோபுரத்தைச் சுற்றிப் பார்க்கத்தான் போனோம் என்றார்கள். அந்த டிசம்பரில், சாக்லேட்டில் செய்த சாலிஸ்பரி தேவாலயத்தைப் பிற ஊடகங்களுக்குப் பரிசாக அனுப்பியது ஆர்.டி.

ஒரு பெண் செத்துப்போன விவகாரம் அது. 'என்ன இது?' என்று கேட்டால், 'ஜோக்தானே, இதைக்கூடத் தாங்க முடியாதா?' என்று சொல்லிவிடலாம். கூர்யோகின் அதிகாரத்தின் மொழியைப் பொருளற்றதாக்கிக் காட்டினார். இங்கே அதிகாரமே எதற்கும் பொருள் இல்லை என்று காட்டுகிறது. ஒருவர் சொல்வது நிஜமா, பொய்யா என்றே தெரியாவிட்டால், அவரிடம் எதற்கு விளக்கம் கேட்பது?

அதேநேரம், சாதாரண மக்களுக்கு அந்தச் சலுகை இல்லை. 2022 மார்ச்சில், உக்ரைன் போர் தொடங்கிய பிறகு, ரஷ்ய நகரங்களில் சிலர் ஒன்றுமே எழுதாத வெள்ளைத்தாளைப் பிடித்தபடி தெருவில் நின்றார்கள். போலீஸ் அவர்களையும் பிடித்துப்போனது. சமையலறை ஜோக் நிஜமாகிவிட்டது. யாரும் சிரிக்கவில்லை.

கூர்யோகின் கடைசியில் என்ன ஆனார்?

காளான் நிகழ்ச்சிக்கான யோசனை எப்படி வந்தது என்று அவர் மனைவி பிற்காலத்தில் சொன்னார். கவிஞர் எசெனின் தற்கொலை செய்துகொள்ளவில்லை, கொல்லப்பட்டார் என்று பழைய புகைப்படங்களை வைத்தே 'நிரூபித்த' ஒரு டி.வி நிகழ்ச்சியைக் கூர்யோகின் பார்த்திருக்கிறார். இப்படியென்றால் எதை வேண்டுமானாலும் நிரூபிக்கலாமே என்று தோன்றியிருக்கிறது. அது மறைத்து வைத்த ரகசியங்கள் தினம் ஒன்றாக வெளியே வந்துகொண்டிருந்த காலம். நேற்று வரை பொய் என்றது இன்று உண்மை. மக்கள் காளானையும் நம்பியதில் ஆச்சர்யம் என்ன?

ஆனால், கதை அங்கே முடியவில்லை. 1995-ல் கூர்யோகின், எழுத்தாளர் எதுவார்த் லிமோனவின் தேசிய போல்ஷெவிக் கட்சியில் சேர்ந்தார். தீவிர தேசியவாதக் கட்சி அது. அந்தக் கட்சியின் சித்தாந்தவாதியான அலெக்சாந்தர் துகினின் தேர்தல் பிரசாரத்துக்காகக் கச்சேரியும் நடத்தினார். நண்பர்கள் திகைத்துப்போனார்கள். இதுவும் ஸ்த்யோப்தானா, இல்லை நிஜமாகவே மாறிவிட்டாரா? பதில் சொல்ல அவருக்கு நேரம் இருக்கவில்லை. 1996 ஜூலையில், 42 வயதில், அரிதான இதய நோயால் இறந்துபோனார். அந்தக் கேள்வியை ரஷ்யாவில் இன்னமும் விவாதிக்கிறார்கள்.

நம் போனில் இருக்கும் ஸ்த்யோப்

2005-ல் இணைய விவாதம் ஒன்றில் நேதன் போ என்பவர் ஒரு கருத்தைச் சொன்னார். சிரிக்கும் பொம்மை எதுவும் போடாமல் தீவிரக் கருத்தைக் கேலி செய்து எழுதினால், யாராவது ஒருவர் அதை நிஜமென்று நம்பாமல் இருக்க மாட்டார் என்பது அதன் சாரம். இன்று அதற்குப் 'போவின் விதி' என்று பெயர். லெனின்கிராடில் ஒரு சில கலைஞர்களின் வித்தையாக இருந்தது, இப்போது எல்லார் கைபேசியிலும் நடக்கிறது.

கிண்டலுக்காக ஒருவர் போட்ட பதிவு, ஸ்கிரீன்ஷாட்டாக மாறும்போது போட்டவர் பெயரை இழக்கிறது. ஃபார்வர்டு ஆகும்போது அந்தப் பக்கத்தின் தொனியை இழக்கிறது. குடும்ப வாட்ஸ்அப் குரூப்புக்கு வரும்போது செய்தியாகவே ஆகிவிடுகிறது. பேரன் சிரித்த மீமைத் தாத்தா நம்புகிறார். தாத்தா கவலையோடு அனுப்பியதைப் பேரன் கலாய்க்கிறான். இன்னொரு பக்கம், வெறுப்பைக் கக்கிவிட்டு, யாராவது கேட்டால் 'சும்மா ஜோக்குக்குப்பா' என்று நழுவுகிறவர்களும் இருக்கிறார்கள்.

அதற்காகக் கேலியே கூடாது என்றில்லை. கேலி இல்லாத ஊரில் மூச்சு முட்டும். ஆனால் சந்தேகம் வரும்போது சிலவற்றைக் கேட்டுப் பார்க்கலாம். இதைச் சொன்னவர் அதிகாரத்தில் இருப்பவரா, அதிகாரத்தைப் பார்த்துச் சொல்பவரா? இதை நம்பினால் யாருக்கு வலிக்கும்? 'நிஜமாகத்தான் சொல்கிறீர்களா?' என்று கேட்டால், நேராகப் பதில் சொல்ல அவர் தயாராக இருக்கிறாரா?

கூர்யோகினின் நிகழ்ச்சியைப் பற்றிப் பேசும்போதெல்லாம், விளக்கம் கேட்கக் கட்சி அலுவலகத்துக்குப் போன அந்த முதியவர்களை நினைத்துத்தான் எல்லோரும் சிரிப்பார்கள். யோசித்துப் பார்த்தால், கேள்விப்பட்டதை அப்படியே அடுத்தவருக்குக் கடத்தாமல், நேரில் போய் 'இது உண்மையா?' என்று கேட்டவர்கள் அவர்கள்தான்.